சதவீதத்தை விடு, மாதத்தை எண்ணு

அன்புள்ள செல்வா,

உன் கடிதம் கிடைத்தது. வாடகை வீட்டுக் காலம் முடியப்போகிறது என்று படித்ததும் சந்தோஷம். தங்கச்சியிடமும் சொல். இடத்தைப் பற்றியும் கிணற்றைப் பற்றியும் இரண்டு பக்கம் எழுதிவிட்டு, கடனைப் பற்றி மட்டும் "எட்டரை பர்சென்ட், நல்ல ரேட்தானே?" என்று ஒரே வரியில் முடித்திருக்கிறாய். எல்லோரும் அங்கேதான் நின்றுவிடுகிறார்கள். கால் சதவீதத்துக்காக நாலு கிளை ஏறி இறங்குவார்கள், எத்தனை மாதம் கட்டப்போகிறோம் என்று ஒரு நிமிஷம்கூட யோசிக்க மாட்டார்கள். வீட்டுக் கடனில் பணம் போகிற வழி அந்த மாதக் கணக்குதான்.

உன் கணக்கையே எடுத்துக்கொள்வோம். 50 லட்சம், 8.5 சதவீதம், 20 வருடம். தவணை 43,391 ரூபாய். மொத்தம் 240 தவணை, கூட்டினால் 1 கோடியே 4 லட்சத்துச் சொச்சம். வட்டி மட்டும் 54 லட்சம். இது எல்லா விளம்பரத்திலும் இருக்கிற கணக்குதான். யாரும் காட்டாதது, அந்த 43,391 உள்ளே எப்படிப் பிரிகிறது என்பது. முதல் மாதம் வட்டிக்கு 35,417 போய்விடும். அசலில் கழிவது 7,974 ரூபாய். முதல் வருடம் முழுக்க 5.2 லட்சம் கட்டியிருப்பாய், கடன் ஒரு லட்சம்கூடக் குறைந்திருக்காது. ஐந்து வருடம் கழித்துப் பாக்கி 44 லட்சம். சரிபாதிக் காலம், பத்து வருடம் முடிந்த பிறகும் பாக்கி 35 லட்சம். தவணையில் வட்டியைவிட அசல் அதிகமாவதே 143ஆவது மாதத்தில்தான். வாங்கிய கடனில் பாதியை அடைத்து முடிக்கும்போது பதினான்காம் வருடம் முடியப்போகும்.

இதில் யாரும் ஏமாற்றவில்லை. பாக்கி எவ்வளவோ அதற்கு வட்டி, மீதிதான் அசலுக்கு. ஆரம்பத்தில் பாக்கி அதிகம் என்பதால் வட்டியும் அதிகம். ஆனால் இதிலிருந்து ஒரு விஷயம் பிறக்கிறது: நீ இடையில் கட்டும் ஒரு ரூபாயின் மதிப்பு, எந்த வருடம் கட்டுகிறாய் என்பதைப் பொறுத்து மாறும். முதல் வருட முடிவில் 2 லட்சம் கூடுதலாகக் கட்டினால் கடைசியில் சுமார் 21 தவணை கழியும். அதாவது 9 லட்சத்துக்கு மேல். அதே 2 லட்சத்தைப் பதினைந்தாம் வருட முடிவில் கட்டினால் கழிவது ஏழு தவணை. கைக்கு வரும் போனஸை "அப்புறம் மொத்தமாக அடைச்சுக்கலாம்" என்று சேர்த்துவைப்பவர்கள் இதைத்தான் தவறவிடுகிறார்கள்.

25 வருடமாக எழுதிக்கொள்ளச் சொல்கிறார்களே, தவணை 40,261 ஆகிவிடும், மாதம் மூவாயிரம் மிச்சம் என்று. அந்த மூவாயிரத்துக்கு நீ கொடுக்கும் விலை 16.6 லட்சம். வட்டி 54-லிருந்து 70.8 லட்சம் ஆகிறது. மறுபக்கம் 15 வருடம் போட்டால் தவணை 49,237, வட்டி 38.6 லட்சம். நான் சொல்வது நடுவழி: காகிதத்தில் 20 வருடம் வைத்துக்கொள், ஆனால் 15 வருடக்காரன் போல மாதம் ஆறாயிரம் கூடுதலாகக் கட்டு. வேலைக்கு ஆபத்து வந்தாலோ ஆஸ்பத்திரிச் செலவு வந்தாலோ கூடுதலை நிறுத்திக்கொள்ளலாம். கட்டாயத் தவணையையே 49 ஆயிரமாக எழுதிவிட்டால் அந்தச் சுதந்திரம் கிடையாது.

கூடுதலாகக் கட்டும்போது ஒரு எச்சரிக்கை. கவுன்டரில் பணத்தைக் கொடுத்துவிட்டு வந்துவிடாதே. சில இடங்களில் தாமாகவே தவணைத் தொகையைக் குறைத்து, காலத்தை அப்படியே விட்டுவிடுவார்கள். மாதம் கொஞ்சம் குறைந்ததே என்று நமக்கும் மகிழ்ச்சியாக இருக்கும், மிச்சம் பாதிக்கு மேல் போயிருக்கும். "தவணைத் தொகை மாற வேண்டாம், காலத்தைக் குறைக்கவும்" என்று எழுதிக் கொடுத்து, புதிய தவணை அட்டவணையை வாங்கு. அதில் கடைசித் தவணை எந்த மாதம், எந்த வருடம் என்று மட்டும் பார். தனிநபர் வீட்டுக் கடன் மாறும் வட்டியில் இருந்தால் முன்கூட்டிக் கட்டுவதற்கு அபராதம் வாங்கக் கூடாது, அது ரிசர்வ் வங்கி விதி. நிலையான வட்டி என்றால் ஒப்பந்தத்தைப் படித்தாக வேண்டும். "முதல் மூன்று வருடம் ஃபிக்ஸட்" வகைக் கடன்களில் அந்த மூன்று வருடத்துக்கு என்ன விதி என்பதையும் சேர்த்துப் பார்.

அடுத்தது மாறும் வட்டி. உனக்குக் கடன் தருவது வங்கி அல்ல, வீட்டு வசதிக் கடன் நிறுவனம். இந்த வித்தியாசம் முக்கியம். 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்களை ரெப்போ (ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி) போன்ற வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும், மூன்று மாதத்துக்கு ஒரு தடவையாவது வட்டியைத் திருத்த வேண்டும். ரிசர்வ் வங்கி குறைத்தால் உனக்கும் குறையும். வீட்டு வசதி நிறுவனங்களுக்கு இந்தக் கட்டாயம் கிடையாது. அவர்கள் தங்கள் சொந்த அடிப்படை விகிதத்தை வைத்துக்கொள்ளலாம். ஏறும்போது வேகமும் இறங்கும்போது நிதானமும் எங்கே வரும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. சாங்ஷன் லெட்டரில், அதாவது கடன் அனுமதிக் கடிதத்தில், "8.5%" என்ற எண்ணுக்குப் பக்கத்தில் எந்த விகிதத்தோடு இணைப்பு, அதற்கு மேல் கூட்டல் எவ்வளவு என்று இரண்டும் இருக்க வேண்டும். இல்லையென்றால் எழுதித் தரச் சொல்.

ஏற்றம் என்ன செய்யும் என்பதற்கு 2022-ஐப் பார். அந்த மே மாதம் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 4 சதவீதத்திலிருந்து 6.5 ஆனது. 2021-இல் ஒருவர் 7 சதவீதத்தில் 50 லட்சம், 20 வருடத்துக்கு வாங்கியிருந்தால் தவணை 38,765. ஒரு வருடம் கட்டியபின் பாக்கி 48.81 லட்சம். கணக்கு புரிவதற்காக வட்டி ஒரே நாளில் 9.5 ஆனதாக வைத்துக்கொள். மாத வட்டியே 38,642. பழைய தவணையையே கட்டிக்கொண்டிருந்தால் அசலுக்குப் போவது 123 ரூபாய், செல்வா. ஒரு சினிமா டிக்கெட் காசு. அந்த வேகத்தில் கடன் முடிய அறுபது வருடம் ஆகும். அன்றைக்கு நிறைய பேருக்குத் தவணை மாறவே இல்லை, காலம் மட்டும் அவர்களுக்குத் தெரியாமல் நீண்டுகொண்டே போனது. பழையபடி 19 வருடத்தில் முடிக்க வேண்டுமானால் தவணை 46,300 ஆகியிருக்க வேண்டும்.

இந்தக் குழப்பத்துக்குப் பிறகுதான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை போட்டது. வட்டியைத் திருத்தும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று கடன் வாங்கியவரிடம் கேட்க வேண்டும். தவணை மாத வட்டியைக்கூட ஈடுகட்டாமல் போகும் அளவுக்கு நீட்டக் கூடாது. வீட்டு வசதி நிறுவனங்களுக்கும் இது பொருந்தும். அந்தக் கேள்வி பெரும்பாலும் ஒரு குறுஞ்செய்தியாக வரும், லாட்டரி விளம்பரங்களுக்கு நடுவே. தவறவிடாதே. வருடத்துக்கு ஒரு முறை, ஏப்ரலில், மீதி எத்தனை தவணை என்று கேட்டு ஒரு நோட்டில் எழுதிவை. போன ஏப்ரலைவிடப் பன்னிரண்டு குறைந்திருக்க வேண்டும். குறையவில்லையென்றால் அன்றே போய்க் கேள்.

வட்டி இறங்கும்போதும் இதே பாடம், திசைதான் வேறு. ஐந்து வருடம் கழித்து, பாக்கி 44 லட்சம் இருக்கும்போது, அரை சதவீதம் குறைகிறது என்று வை. தவணையைக் குறைத்துக்கொண்டால் மாதம் 1,282 மிச்சம், பதினைந்து வருடத்துக்கு 2.3 லட்சம். தவணையை 43,391 என்றே விட்டுவிட்டால் பத்துத் தவணை கழியும், 4.3 லட்சம். இன்னொன்று: புதிதாக வருபவருக்குக் குறைந்த வட்டியும் பழைய ஆளுக்குக் கூடிய வட்டியும் இருப்பது சகஜம். கன்வர்ஷன் ஃபீஸ் என்று ஒரு தொகை கட்டி எழுதிக் கேட்டால் குறைப்பார்கள், கேட்காதவருக்கு யாரும் தேடி வந்து குறைப்பதில்லை. மறுத்தால் வேறு வங்கிக்கு மாற்றலாம். அப்போது பிராசஸிங் ஃபீஸ், லீகல் ஒப்பீனியன், புது எம்.ஓ.டி. (பத்திரத்தை அடமானமாக ஒப்படைத்ததற்கான ஆவணம்) பதிவு எல்லாம் மறுபடி வரும். அரை சதவீதத்துக்குக் குறைந்த வித்தியாசத்துக்கு அந்த அலைச்சல் வேண்டாம் என்பது என் எண்ணம். கடைசி ஐந்து வருடத்திலும் வேண்டாம், அதற்குள் வட்டியில் பெரும்பகுதியைக் கட்டி முடித்திருப்பாய்.

கடனுக்கு வெளியே நிற்கும் செலவுக்கு வருகிறேன். வீட்டின் விலை 62.5 லட்சம், 80 சதவீதம் கடன் என்பது சரி. 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு அதுதான் உச்சவரம்பு. ஆனால் அந்த 80 சதவீதக் கணக்கில் பத்திரச் செலவு சேராது. நீ வாங்குவது பழைய தனி வீடு, ஆகவே முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக 9 சதவீதம்: 5,62,500 ரூபாய். அரசு வைத்திருக்கும் வழிகாட்டி மதிப்பு விலையைவிட அதிகமாக இருந்தால் அந்த மதிப்புக்குத்தான் கணக்கு, முதலில் அதைப் பார்த்துவிடு. முன்பணம் 12.5 லட்சத்தோடு சேர்த்து 18 லட்சம் கையில் வேண்டும், இதற்கு மேல் எம்.ஓ.டி., மதிப்பீட்டாளர், வக்கீல், பிராசஸிங் ஃபீஸ், அதன் மீது 18 சதவீத ஜி.எஸ்.டி. "பத்தாத மூணு லட்சத்துக்குப் பர்சனல் லோன் போட்டுக்கலாம்" என்று எழுதியிருக்கிறாய். அதைச் செய்யாதே. வீட்டுக் கடனைவிட வட்டி அதிகம், காலமும் குறைவு, முதல் மூன்று வருடம் இரண்டு தவணையும் சேர்ந்து கழுத்தைப் பிடிக்கும். கூடுதலாகக் கட்டுவது பற்றி நான் மேலே எழுதியதெல்லாம் காற்றில் போய்விடும். பதிவை நாலு மாதம் தள்ளிப்போட முடியுமா என்று பார், இல்லையென்றால் நகையை வைத்துச் சமாளி.

இன்சூரன்ஸ். "லோனுக்கு இது கட்டாயம் சார்" என்று ஒரே தடவை கட்டும் பாலிசி ஒன்றை நீட்டுவார்கள். ஆயுள் காப்பீடு வேண்டும், அதில் சந்தேகமே இல்லை. ஆனால் அவர்களிடமே வாங்க வேண்டும் என்று சட்டம் இல்லை. பிரீமியம் ஒன்றரை லட்சத்தையும் கடனோடு சேர்த்துவிட்டால் அதற்கும் 240 மாதம் வட்டி, மொத்தம் 3.12 லட்சம் கட்டுவாய். கடன் குறையக் குறையக் காப்பீட்டுத் தொகையும் குறைந்துகொண்டே வரும். தனியாக ஒரு டேர்ம் பாலிசி எடு. கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது உன்னோடு வரும்.

வட்டிக் கணக்கிடும் முறையையும் கேட்டுவிடு. தினசரியோ மாதாந்திரமோ பாக்கி குறைந்தால் நல்லது. வருட ரெஸ்ட் என்றால் நீ மாதாமாதம் கட்டும் அசல் வருடக் கடைசியில்தான் கணக்கில் ஏறும். அதே 8.5-க்குத் தவணை 44,030 ஆகும், 20 வருடத்தில் ஒன்றரை லட்சம் வித்தியாசம். 2024 அக்டோபர் முதல் கடனின் முக்கிய விவரங்களை ஒரே தாளில் தர வேண்டும் என்ற விதி இருக்கிறது. எல்லாக் கட்டணமும் சேர்ந்த உண்மையான வருடாந்திர வட்டி அதில் இருக்கும். இரண்டு இடத்தை ஒப்பிடுவதானால் அந்த எண்ணை மட்டும் ஒப்பிடு.

வீட்டுக் கடன் வட்டிக்கு வரிச் சலுகை உண்டு என்று உன் ஆடிட்டர் சொன்னதில் பாதி உண்மை. பழைய வருமான வரி முறையில் குடியிருக்கும் வீட்டுக்கு வருடம் 2 லட்சம் வட்டி வரைதான் கழிக்கலாம். உன் முதல் வருட வட்டி 4.21 லட்சம். புதிய முறையில் இருந்தால் குடியிருக்கும் வீட்டுக்கு அதுவும் கிடையாது. நீ புதிய முறைக்கு மாறிவிட்டதாகத்தானே போன தடவை எழுதினாய்?

இத்தனையும் படித்து மிரண்டுவிடாதே. 54 லட்சம் வட்டி என்பது இருபது வருடத்தில் சிறுகச் சிறுகப் போகிற பணம், 2040-இன் 43 ஆயிரம் இன்றைய 43 ஆயிரம் அல்ல. வாடகையும் மிச்சமாகிறது. ஆகவே வீட்டை வாங்கு. ஆறு மாதச் செலவுக்கான பணத்தை மட்டும் தொடாமல் தனியாக வை. அதையும் எடுத்துக் கடனில் கட்டிவிடாதே, கட்டியதைத் திரும்பக் கேட்க முடியாது.

கடன் முடியும் நாளைப் பற்றி இப்போதே ஒரு வார்த்தை, அப்போது யார் நினைவில் வைத்திருக்கப்போகிறார்கள். கடைசித் தவணை கட்டிய முப்பது நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும், அவர்கள் பக்கம் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உனக்கு. இது 2023 டிசம்பர் முதல் நடைமுறை. பத்திரம் கைக்கு வந்ததோடு வேலை முடியாது. எம்.ஓ.டி. பதிவு செய்த அதே சார்பதிவாளர் அலுவலகத்தில் கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணம் பதிந்து, வில்லங்கச் சான்று போட்டுப் பார். அதைச் செய்யாவிட்டால் கடன் தீர்ந்த வீட்டின் மேல் கடன் இருப்பதாகவே வில்லங்கத்தில் நிற்கும். இப்போது ஒப்படைக்கப்போகும் பத்திரங்களின் பட்டியலில் முத்திரையும் கையெழுத்தும் வாங்கி வீட்டில் வை. தாய்ப்பத்திரம் உட்பட ஒவ்வொன்றின் எண்ணும் வருடமும் அதில் இருக்க வேண்டும்.

சாங்ஷன் லெட்டரில் வட்டி பற்றிய பக்கத்தையும் கட்டணப் பட்டியலையும் வாட்ஸாப்பில் அனுப்பு. ஞாயிற்றுக்கிழமைக்குள் பார்த்துச் சொல்கிறேன். அதுவரை எதிலும் கையெழுத்துப் போடாதே.

அன்புடன்,
கணேசன்