3/5 என்பது 60 சதவீதம் அல்ல

ஆசிரியருக்கு,

பக்கவாதத்துக்குப் பிந்தைய பயிற்சி பற்றிய கட்டுரையில், ‘கையின் தசை வலு 3/5, அதாவது 60 சதவீதம் திரும்பிவிட்டது’ என்று அச்சாகியிருந்தது. மருத்துவக் குறிப்பில் அந்த எண்ணைப் பார்க்கும் குடும்பத்தாரும் இப்படித்தான் கணக்குப் போடுகிறார்கள். பிறகு, அறுபது வந்த கையால் ஏன் ஒரு சொம்பைத் தூக்க முடியவில்லை என்று குழம்புகிறார்கள். அது மதிப்பெண் அல்ல, படிக்கட்டு. படிகளின் உயரமும் ஒன்றுபோல் இருக்காது.

முழங்கையை மடக்கும் தசையையே எடுத்துக்கொள்வோம். தசையில் அசைவே இல்லை என்றால் 0. கை நகராவிட்டாலும், முழங்கை மடிப்பில் விரல் வைத்தால் தசைநாண் துடிப்பது தெரிந்தால் 1. கையைத் தோள் உயரத்தில் மேசைமேல் கிடத்தி, எடையைச் சுமக்காமல் பக்கவாட்டில் மடக்க முடிந்தால் 2. தொங்கும் கையைப் புவியீர்ப்பை மீறி முழுவதுமாக மடக்கினால் 3. பரிசோதிப்பவர் மணிக்கட்டருகே கொடுக்கும் எதிர்ப்பையும் ஓரளவு தாங்கினால் 4. இயல்பான வலு 5.

அறுபது கிலோ ஆளின் முன்கையும் உள்ளங்கையும் சேர்ந்து ஏறக்குறைய ஒன்றேகால் கிலோ. 3 வாங்க அதைத் தூக்கினால் போதும். முழு வலுவில் அது சொற்பம். மிச்சம் கிட்டத்தட்ட எல்லாமே 4 என்ற ஒரே படிக்குள் அடங்கிவிடுகிறது. அதனால்தான் பலர் 4-, 4+ என்று பிரித்து எழுதுகிறார்கள். அதுவும் பரிசோதிப்பவரின் கைப்பழக்கத்தைப் பொறுத்ததுதான்.

எண் தவறாவதற்குப் பெரும்பாலும் அவசரமே காரணம். முதலில் 3-ஐச் சோதித்து, அதில் தேறினால் மேலே, தேறாவிட்டால் கீழே போக வேண்டும். நேராக எதிர்ப்பில் ஆரம்பித்தால் இந்த வரிசை கெடும். மேற்கையைப் பிடித்து நிறுத்தாவிட்டால் நோயாளி தோளை இழுத்துக் கையை மேலே கொண்டுவந்துவிடுவார். கட்டைவிரல் மேலே பார்த்தபடி மடக்கினால் முன்கைத் தசை உதவிக்கு வந்து, மேற்கையின் முன்புறத் தசையான பைசெப்ஸின் பலவீனத்தை மறைத்துவிடும். உள்ளங்கை மேல்நோக்கி இருக்க வேண்டும். வலியால் கையை விட்டுவிடுபவருக்கு எண்ணை மட்டும் எழுதுவது அநியாயம். ‘வலி’ என்றும் எழுத வேண்டும்.

கெண்டைக்கால் தசை இன்னொரு வம்பு. அது உடல் எடையையே தூக்கும் தசை; படுக்க வைத்துக் கையால் பாதத்தை அழுத்திப் பார்த்தால், பாதி வலுவிழந்த காலும் 5 வாங்கிவிடும். ஆகவே நோயாளியால் நிற்க முடிந்தால் அவரை ஒற்றைக்காலில் நிறுத்தி, குதிகாலை எத்தனை முறை உயர்த்துகிறார் என்று எண்ண வேண்டும்.

இந்த அளவுகோல் 1940-களில் பிரிட்டனின் மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சில் புறநரம்புகளின் (மூளைக்கும் தண்டுவடத்துக்கும் வெளியே உள்ள நரம்புகளின்) காயங்களுக்காக வெளியிட்ட கையேட்டின் வழியாகப் பரவியது. பக்கவாதத்தில் தசை இறுகி, ஒன்றை அசைத்தால் எல்லாம் சேர்ந்து மடங்கும்போது, இந்த எண் பாதி உண்மையைத்தான் சொல்லும்.

குறிப்பில் வெறும் ‘வலு 4’ என்று இருந்தால் எந்தத் தசை, எந்தப் பக்கம், எந்த நிலையில் என்று வாசகர்கள் தயங்காமல் கேட்கலாம். மாதக்கணக்கில் 4-லேயே நின்றால், தசை வலுவைக் கிலோவில் காட்டும் கருவியான டைனமோமீட்டரால் அளக்கச் சொல்லலாம்.

இப்படிக்கு,
ஒரு பிசியோதெரபிஸ்ட்