அடிஸ் அபாபாவிலிருந்து அம்மாவுக்கு

அன்புள்ள அம்மாவுக்கு,

நான் நலம். அப்பாவின் முழங்கால் வலி தேவலையா?

"கறி தின்னாத பிள்ளை அந்த ஊரில் என்னத்தைச் சாப்பிடுவான்" என்று போனில் கவலைப்பட்டாயே, அதற்காகவே இதை எழுதுகிறேன். இங்கே எத்தியோப்பியாவில் இப்போது ஈஸ்டருக்கு முந்தைய பெருநோன்பு. 55 நாளும் ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவர்கள் இறைச்சி, பால், வெண்ணெய், முட்டை எதையும் தொடமாட்டார்கள். எந்தக் கடையில் நுழைந்தாலும் பருப்பு, கீரை, கோஸ் என்று தட்டு நிறைய வருகிறது.

வீட்டுக்கார அம்மாவிடம் தினிச் வொட் செய்யக் கற்றுக்கொண்டேன். உருளைக்கிழங்கும் கேரட்டும் போட்ட காரக் குழம்பு. அதில் விஷயமே வெங்காயம்தான். கிழங்கு அரை கிலோ என்றால் வெங்காயமும் கிட்டத்தட்ட அவ்வளவு. பொடிப்பொடியாக நறுக்கி, எண்ணெயே விடாமல் வெறும் பாத்திரத்தில் வதக்க வேண்டும். முதலில் நீர் விடும், பிறகு வற்றி அடிப்பிடிக்கப் பார்க்கும். அப்போது கொஞ்சம் தண்ணீர் தெளித்துக் கிளற வேண்டும். அரை மணி நேரம் இப்படியே போனால் வெங்காயம் கரைந்து பழுப்பு விழுதாகி, பச்சை வாசம் போய்விடும். அப்புறம்தான் எண்ணெய், பூண்டு, இஞ்சி, பெர்பெரே எல்லாம். புளியும் தேங்காயும் இல்லாத குழம்புக்குக் கெட்டித்தன்மை தருவது இந்த வெங்காயம்தான். இந்த இடத்தில் மட்டும் அவசரமே கூடாது.

பெர்பெரே இவர்களுடைய மிளகாய்ப்பொடி. காய்ந்த மிளகாயோடு வெந்தயம், ஓமம், கருஞ்சீரகம், கொரரிமா என்ற இந்த ஊர் ஏலக்காய் எல்லாம் சேர்த்து அரைப்பது. காரக் குழம்புக்கு ஓமம் இவ்வளவு பொருந்தும் என்று நான் நினைத்ததே இல்லை.

ஊர் 2,300 மீட்டருக்கு மேலே இருப்பதால் தண்ணீர் 92 டிகிரியிலேயே கொதித்துவிடுகிறது. கிழங்கு வேக நேரமாகும். சின்னத் தீயில் விட்டுவிடுவேன்.

குழம்பைத் தொட்டுச் சாப்பிட இன்ஜெரா. தெஃப் என்ற சிறுதானியத்தின் மாவை இரண்டு மூன்று நாள் புளிக்கவிட்டு, திருப்பிப் போடாமல் ஒரு பக்கம் மட்டும் சுடும் பெரிய தோசை. எல்லோருக்கும் ஒரே தட்டுதான். வீட்டுக்கார அம்மா முதல் கவளத்தை உருட்டி என் வாயில் ஊட்டிவிட்டார். பிரியமானவர்களுக்கு அப்படிச் செய்வது இங்கே வழக்கம்.

அடுத்த மாதம் என்னோடு வேலை பார்க்கும் ஒருவர் திருச்சிக்கு வருகிறார். பெர்பெரே கொடுத்தனுப்புகிறேன். காற்றுப் புகாத டப்பாவில் போட்டு வை. முதலில் ஒரு ஸ்பூன் மட்டும் போட்டுப் பார், காரம் அதிகம். அப்பாவுக்குக் குறைத்தே போடு.

அன்புடன்,
உன் மகன்