மேல்முறையீட்டுக்கு எத்தனை நாள்? ஆளுக்கு ஒரு கணக்கு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். திருப்பூரில் பனியன் கம்பெனிகளுக்கு அட்டைப்பெட்டி சப்ளை செய்கிறவன் நான். செக் பணமில்லாமல் திரும்பி வந்தால் மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138ஆம் பிரிவில் வழக்குப் போடலாம், கம்பெனியோடு டைரக்டர்களையும் சேர்க்கலாம் என்பதெல்லாம் எங்கள் வட்டாரத்தில் எல்லோருக்கும் அத்துப்படி. எதிராளி விடுதலையாகிவிட்டால் அடுத்து என்ன, எத்தனை நாளுக்குள் என்று கேட்டுப் பாருங்கள், ஒருத்தருக்கும் உறுதியாகத் தெரியாது.

என் செக் 3,84,000 ரூபாய். ஐந்து வருடம் வாய்தாவுக்கு அலைந்தேன். 2023ல் கம்பெனியும் இரண்டு டைரக்டர்களும் விடுதலை. டெலிவரி சலானில் சரக்கை வாங்கியவர் கையெழுத்து இல்லையாம். கேட்டில் வாட்ச்மேன் குத்திய சீல் இருந்தது, அதன்மேல் யாரோ கிறுக்கிய இன்ஷியல், அவ்வளவுதான். லாரியிலிருந்து பெட்டி இறக்குகிற அவசரத்தில் யார் நின்று முழுக் கையெழுத்து வாங்குகிறார்கள்? சரி, சாட்சியம் போதவில்லை என்று தீர்ப்பு, அதில் எனக்குக் கோபமில்லை. தீபாவளி ஆர்டர்களை முடித்துவிட்டுச் சாவகாசமாக வக்கீலைப் பார்க்கப் போனால், "அறுபது நாள்தானுங்கண்ணா, தாண்டிப் போச்சுங்களே" என்றார். இனி தாமதத்தை மன்னிக்கச் சொல்லி ஒரு மனு, மேல்முறையீட்டுக்குச் சிறப்பு அனுமதி கேட்டு இன்னொரு மனு, இரண்டும் சென்னை உயர் நீதிமன்றத்தில். சேரன் எக்ஸ்பிரஸில் எத்தனை ராத்திரி போய் வருவது? விட்டுவிட்டேன்.

அப்புறம்தான் சட்டத்தைப் புரட்ட ஆரம்பித்தேன் (எங்கள் வீட்டில் இதை வைத்து இன்றைக்கும் கிண்டல்தான்). பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 378ஆம் பிரிவில், புகார் கொடுத்தவர் அரசு ஊழியர் என்றால் ஆறு மாதம், மற்றவர்களுக்கு 60 நாள். இதைக் கம்பெனிகள் சட்டத்தோடு வைத்துப் பார்த்தால் இன்னும் வேடிக்கை. 2013ஆம் வருடத்துச் சட்டத்தின் 439ஆம் பிரிவுப்படி அரசு அதிகாரியான கம்பெனிப் பதிவாளரும் புகார் செய்யலாம், பங்குதாரரும் செய்யலாம். அதே கம்பெனி, அதே குற்றம், அதே விடுதலை, ஆனால் புகார் பதிவாளருடையது என்றால் ஆறு மாதம், பங்குதாரருடையது என்றால் இரண்டே மாதம். போதாததற்கு, கம்பெனிச் சட்ட வழக்குகளுக்கென்று தான் நியமித்த அரசு வழக்கறிஞரை விட்டோ வேறு யாரையாவது அதிகாரம் கொடுத்து அனுப்பியோ மத்திய அரசு மேல்முறையீடு செய்யலாம் என்று 444ஆம் பிரிவு தனியாக வழி விட்டிருக்கிறது. ஃபைல் மேசை மேசையாக நகர ஆறு மாதம் வேண்டும்தான், ஒத்துக்கொள்கிறேன். கடையையும் பார்த்துக்கொண்டு கோர்ட்டுக்கும் அலைகிறவனுக்கு மட்டும் எதற்கு இந்த அவசரம்?

2025ல் உச்ச நீதிமன்றம் செலஸ்டியம் ஃபைனான்ஷியல் வழக்கில், செக் வழக்குப் போட்டவரும் பாதிக்கப்பட்டவர்தான், குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 372ஆம் பிரிவின் கீழ் சிறப்பு அனுமதி இல்லாமலே மேல்முறையீடு செய்யலாம் என்று சொல்லிவிட்டது. மாஜிஸ்திரேட் கோர்ட் விடுதலை செய்தால் செஷன்ஸ் கோர்ட்டே போதும், சென்னை ரயில் மிச்சம். சந்தோஷம்தான். ஆனால் எத்தனை நாளுக்குள்? 2009 கடைசியில் நடைமுறைக்கு வந்த அந்த உரிமைக்குச் சட்டத்தில் நாள் கணக்கே எழுதவில்லை. அந்தச் சட்டம் முழுவதையும் மாற்றி எழுதி பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா என்று 2024 ஜூலையில் கொண்டுவந்தார்களே, அதில் 413ஆம் பிரிவைப் பாருங்கள், பழசை அப்படியே இறக்கி வைத்திருக்கிறார்கள், நாள் கணக்கு அங்கேயும் இல்லை. மூன்று வக்கீல்களிடம் கேட்டேன். ஒருவர் 30 என்றார், ஒருவர் 60, இன்னொருவர் 90.

விடுதலையானவரை, எப்போது மேல்முறையீடு வருமோ என்று வருடக்கணக்கில் தவிக்க விடுவதும் நியாயமில்லை. அதனால் கெடு வைக்கட்டும், 60 நாளே கூட வைக்கட்டும், அதை எழுத்தில் வைத்தால் போதும்.

இன்னொன்றும் கேட்கிறேன். தீர்ப்பின் சான்றிட்ட நகலின் பின்பக்கத்தைப் பார்த்திருக்கிறீர்களா? மனுப் போட்ட நாள், முத்திரைத்தாள் கேட்ட நாள், அதைக் கட்டிய நாள், நகல் தயாரான நாள் என்று வரிசையாகச் சீல் குத்தியிருப்பார்கள். அத்தனையும் இந்தக் கெடுவைக் கணக்குப் போடத்தான். அதே மையில் "மேல்முறையீட்டுக்குக் கடைசித் தேதி" என்று இன்னொரு சீலையும் குத்திக் கொடுத்தால் என்ன? கரண்ட் பில்லில் போடுகிறார்களே.

இப்படிக்கு,
ஒரு அட்டைப்பெட்டி வியாபாரி,
திருப்பூர்.