பாஞ்சாலிக்குக் கூந்தல் முடித்துவிட்ட டீ மாஸ்டர் அண்ணனுக்கு

மறதி நோயால் வழி தெரியாமல் காணாமல் போயிருந்த அப்பா வீட்டுக்கு வந்துவிட்டார். பசிக்கிறது என்று அவரே கேட்டுக் களி சாப்பிட்டார், இப்போது திண்ணையை ஒட்டிய அறையில் தூங்குகிறார். நடந்தது உங்கள் எல்லாருக்கும் தெரியும், திரும்ப எழுத எனக்குத் தெம்பில்லை. முதலில் ஒரு வேண்டுகோள். அவர் படம் போட்ட செய்தி இன்னும் பல வாட்ஸ்அப் குழுக்களில் சுற்றிக்கொண்டிருக்கிறது. இனி யாருக்கும் அனுப்ப வேண்டாம். பஸ் ஸ்டாண்டில், டீக்கடைச் சுவரில் நாங்கள் ஒட்டிய நோட்டீஸ் கண்ணில் பட்டால் கிழித்துவிடுங்கள்.

நன்றி சொல்ல வேண்டியவர்களை எண்ணிப் பார்த்தால் கணக்குக்குள் வரவில்லை. பென்னாகரத்திலிருந்து தருமபுரி, காரிமங்கலம் பக்கம் ஓடும் பஸ்களின் டிரைவர், கண்டக்டர் அண்ணன்மார்கள். ராத்திரி எந்நேரத்தில் கூப்பிட்டாலும் எரிச்சல் படாமல் பேசிய காவலர்கள். பெட்ரோலுக்குக்கூடக் காசு வாங்காமல் பைக்கில் ஏரிக்கரை, மாந்தோப்பு, குவாரிப் பள்ளம் என்று சுற்றிய எங்கள் ஊர்ப் பசங்க. ஆடு மேய்க்கும்போது புதர் புதராக எட்டிப் பார்த்துவிட்டு வந்து சொன்ன அக்காமார்கள். என் பிள்ளைகளுக்கு வேளா வேளைக்குச் சோறு போட்டு, அம்மாவையும் ஒரு வாய் சாப்பிட வைத்த பக்கத்து வீட்டுச் சித்தி. உங்கள் ஒவ்வொருவர் வீட்டுக்கும் நேரில் வருவேன். ஒரு மடலில் முடிகிற கடன் இல்லை இது.

ஆனால் ஒருவரைப் பற்றி மட்டும் இங்கேயே விரிவாகச் சொல்லியாக வேண்டும். பெயர் போட வேண்டாம் என்று கேட்டுக்கொண்டார், அதனால் போடவில்லை. கிருஷ்ணகிரி மாவட்டத்துக் காவேரிப்பட்டினத்தில் ஒரு சின்ன டீக்கடையில் மாஸ்டராக இருக்கிறார்.

அப்பா அந்தக் கடை வாசலில் வந்து நின்றபோது கையில் எதுவும் இல்லை. ஆதார் கார்டு வீட்டு பீரோவில், போன் தலையணைக்கு அடியில். சட்டையெல்லாம் புழுதி. அங்கிருந்தவர்கள் நல்ல மனசோடுதான் கேட்டிருக்கிறார்கள்: "பெரியவரே, யாருங்க நீங்க? எந்த ஊரு?" அப்பா நிமிர்ந்து நின்று, குரலை மெல்லிசாக்கி, "பாஞ்சால தேசம். துருபத மகாராஜன் புத்திரி" என்றாராம். சிலர் சிரித்தார்கள். சிலர் பாவம் என்று நகர்ந்தார்கள். தலையில் அடிபட்டிருக்கும் என்று ஒருவர் ஆஸ்பத்திரிக்குப் போன் போடப் போனார்.

பாய்லர் பக்கத்தில் நின்ற மாஸ்டர் அண்ணனுக்கு மட்டும் பொறி தட்டியிருக்கிறது.

எங்கள் பக்கத்துக் கூத்தைப் பார்க்காதவர்களுக்காகச் சொல்கிறேன். தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களில் எத்தனையோ ஊர்களில் பாரத விழா நடக்கும். பகலில் பிரசங்கியார் பாரதக் கதை சொல்வார், ராத்திரியில் விடிய விடியக் கூத்து. ஒரு வேஷம் சபைக்கு வரும்போது முன்னால் திரை பிடிப்பார்கள். கட்டியங்காரன் கேட்பான், வந்திருப்பது யார், எந்த நாடு, தாய் தகப்பன் யார் என்று. வேஷக்காரர் தன் பேரையும் நாட்டையும் சொல்லிவிட்டுத்தான் சபைக்கு வர முடியும். அப்பா சின்னப் பையனாகக் கூத்துச் செட்டில் சேர்ந்ததிலிருந்து பெண் வேஷம்தான் கட்டினார். முதலில் தோழி, அப்புறம் சுபத்திரை, கடைசியில் பாஞ்சாலி. பாஞ்சாலி ஆனபிறகு எத்தனையோ வருஷம், எத்தனையோ ஊரில், யார் நீ என்ற கேள்விக்கு அவர் சபையில் சொன்ன பதில் அது ஒன்றுதான். தன் சொந்தப் பேர் நழுவிப்போன நாளில் அதே கேள்வி காதில் விழுந்தபோது, அவருக்குள் மிச்சமிருந்த பதில் வெளியே வந்திருக்கிறது.

மாஸ்டர் அண்ணன் துண்டால் கையைத் துடைத்துக்கொண்டு அப்பா முன்னால் வந்து நின்றார். பேரைக் கேட்கவில்லை, ஊரைக் கேட்கவில்லை. "வரணும் தாயே, உக்காரணும்" என்றார். அதுவரை யார் சொல்லியும் உட்காராத மனிதர் பெஞ்சில் உட்கார்ந்தார்.

டீ கொடுத்தால் குடிக்கவில்லை. வண்டியில் ஏற்றி ஸ்டேஷனில் விடலாம் என்று ஒருவர் கையைப் பிடித்தால் உதறினார். தலையைத் தடவித் தடவிப் பார்த்துக்கொண்டே இருந்தாராம். "கூந்தல் முடியாம நான் எப்படிப் போவேன்?" இதையேதான் திரும்பத் திரும்பச் சொன்னார். அப்பாவின் தலையில் இப்போது பின்பக்கம் கொஞ்சம் நரைமுடி, அவ்வளவுதான் இருக்கிறது.

சபையில் மானம் போன பாஞ்சாலி, துரியோதனன் கூட்டம் அழிகிற வரைக்கும் கூந்தலை முடியமாட்டேன் என்று சபதம் போட்டவள். பாரத விழாவில் அந்தச் சபதம் கூத்து முடிகிற வரைக்கும் ஊர் தலைமேலேயே நிற்கும். படுகளத்தன்று காலையில், திடலில் மண்ணால் படுக்க வைத்திருக்கும் அத்தனை பெரிய துரியோதனன் உருவத்தின் தொடையில் பீமன் அடிப்பான். அப்புறம்தான் பாஞ்சாலி கூந்தலில் ரத்தம் தோய்த்து, பூ வைத்து முடிவாள். அதைப் பார்க்கச் சுற்றுப்பட்டு ஊர்ச் சனம் விடியற்காலையிலிருந்து வெயிலில் காத்திருக்கும். அப்பா எங்கே நிற்கிறார் என்று மாஸ்டர் அண்ணனுக்குப் புரிந்துவிட்டது. அவர் காவேரிப்பட்டினத்தில் நிற்கவில்லை, சபதத்துக்கும் படுகளத்துக்கும் நடுவில் நின்றார். அங்கிருந்து வீட்டுக்கு வழியில்லை. படுகளம் முடிந்தால்தான் வழி.

அண்ணன் கடைக்குள் போய் ஒரு புதுத் துண்டு எடுத்து வந்தார். அப்பாவின் தலையில் சுற்றி, பின்னால் முறுக்கி, கொண்டை போல முடிந்தார். சாமி படத்துக்குக் கீழே இருந்த குங்குமத்தைத் தண்ணீரில் குழைத்து அந்தக் கொண்டையில் தடவினார். எதிரில் பூ விற்கிற அம்மாவிடம் ஒரு முழம் கனகாம்பரம் வாங்கிச் சுற்றினார். பூக்கார அம்மா காசு வாங்கவில்லை, தானே எழுந்து வந்து பூவைச் சரியாகச் செருகிவிட்டார். அதற்குள் வியாபாரம் நின்றுபோய், கடையில் இருந்த அத்தனை பேரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அண்ணன் கையைக் கூப்பி, சத்தமாகச் சொன்னாராம்: "தாயே, துரியோதனன் விழுந்துட்டான். கூந்தல் முடிச்சாச்சு. இனி வீட்டுக்குப் போலாம்."

அப்பா கொண்டையைத் தொட்டுப் பார்த்தார். பூவைத் தொட்டுப் பார்த்தார். அப்புறம் டீயைக் கையில் வாங்கினார்.

அதன் பிறகு நடந்ததும் அண்ணன் செய்ததுதான். அவர் வீட்டில் பேசுவது தெலுங்கு. ஆனால் அவர் ஊரில் வருஷா வருஷம் தமிழில் பாரதம் நடக்கும், சின்ன வயசில் திரை பிடித்தவர். ஊரில் மிருதங்கம் அடிக்கிற ஒருவருக்கு அப்பாவின் படத்தை அனுப்பி, "இந்தப் பாஞ்சாலி எந்த செட்டு?" என்று மட்டும் கேட்டிருக்கிறார். அவர் கூத்தில் முகவீணை என்ற குழல் ஊதுகிற ஒருவரிடம் கேட்டார். அவர் ஒரு கூத்து வாத்தியாரிடம் கேட்டார். அந்த வாத்தியார், "இது நம்ம பென்னாகரத்துப் பக்கத்து ஆளு, கைவீச்சைப் பார்த்தாலே தெரியுதே" என்று சொல்லி எங்கள் வீட்டு நம்பரைத் தேடிப் பிடித்தார். நாங்கள் போட்ட நோட்டீஸில் அப்பாவின் பெயர், வயசு, உயரம், சட்டை நிறம் எல்லாம் இருந்தன. அவரைக் கண்டுபிடிக்க எங்களுக்கு உதவியது அதில் எழுதாமல் விட்ட ஒரு விஷயம்.

நான் போய்ச் சேர்ந்தபோது தலையில் கனகாம்பரத்தோடு உட்கார்ந்திருந்தார். என்னை அடையாளம் தெரியவில்லை. "தோழி வந்துட்டியா" என்றார். பக்கத்தில் உட்கார்ந்து அழுதேன். அவர் என் பின்னலைக் கையில் எடுத்து, அவிழ்த்து, மூன்று கால் பிரித்து, இறுக்கிப் பின்னிவிட்டார். பள்ளிக்கூடம் போகும் காலத்தில் எனக்குத் தலை பின்னிவிட்டது அம்மா இல்லை, அப்பாதான். சவுரி வைத்துக் கொண்டை போட்டுப் பழகிய கை. என் பெயர் அவரிடம் இல்லை, அந்தப் பின்னல் இருந்தது. எனக்கு அது போதும் என்று அந்த நேரத்தில் தோன்றியது. இப்போதும் அப்படித்தான் தோன்றுகிறது.

அப்பாவைப் பார்க்கும் நரம்பு டாக்டர் முன்பே விளக்கியிருந்தார். அல்சைமர் என்ற இந்த மறதி நோயில் முதலில் அடிபடுகிற மூளைப் பகுதிகளில் ஒன்று ஹிப்போகேம்பஸ். அன்றன்றைக்கு நடப்பது மனசில் பதிய அது வேண்டும். ஆனால் கையும் காலும் குரலும் பழகிப் பழகிக் கற்றுக்கொண்டவை சிறுமூளையையும் மூளையின் ஆழத்தில் இருக்கும் வேறு பகுதிகளையும் நம்பி நிற்பவை, அவை ரொம்ப நாள் தாக்குப்பிடிக்கும். காலையில் சாப்பிட்டதை மறந்தவர் இளவயசில் ஆடியதைத் தாளம் தப்பாமல் பாடுவது அதனால்தான். கேட்டபோது அது நோயைப் பற்றிய பாடமாக இருந்தது. அந்தப் பெஞ்சில் உட்கார்ந்திருந்தபோது, அப்பா யார் என்பதைப் பற்றியதாக ஆகிவிட்டது.

எங்கள் ஊர்ப் பக்கம் வயல் வரப்பிலும் ஏரிக்கரையிலும் நடுகற்கள் நிற்கும். ஆநிரையை மீட்கப் போய்ச் செத்தவனுக்கு, ஊருக்காகச் சண்டையில் விழுந்தவனுக்கு நட்ட கல். இன்றைய தருமபுரியான தகடூரை ஆண்ட அதியமானுக்கே நடுகல் நட்டபோது ஔவை பாடிய பாட்டு சங்க இலக்கியத்தில் இருக்கிறது. பல கற்களில் வட்டெழுத்து என்ற பழைய எழுத்தில் அரசன் பேர், வீரன் பேர், 'தொறு மீட்டுப் பட்டான்', அதாவது மாட்டு மந்தையை மீட்டுச் செத்தான் என்ற செய்தி எல்லாம் வெட்டியிருக்கும். அந்த எழுத்தைப் படிக்க ஊரில் யாருக்கும் தெரியாது. கல்வெட்டு ஆய்வாளர்கள் வந்து மாவு தடவிப் படித்துச் சொன்னால்தான் உண்டு. ஆனாலும் அந்தக் கல்லை யாரும் அனாதையாக விடவில்லை. வேடியப்பன் என்று கும்பிடுகிறோம், பொங்கல் வைக்கிறோம், பிள்ளைக்கு அந்தச் சாமி பேரை வைக்கிறோம். அவன் தன் பேரை இழந்துவிட்டான், செய்த காரியத்துக்கு உரிய மரியாதையை இழக்கவில்லை. சின்ன வயசிலிருந்து பார்த்த கல்தான். இத்தனை நாள் அது செத்தவர்களுக்காக என்று நினைத்திருந்தேன். உயிரோடு இருக்கும்போதே பேரைத் தொலைத்துவிட்டு நிற்கும் ஒருவருக்கும் ஊர் அதையே செய்யும் என்று காவேரிப்பட்டினத்தில் பார்த்தேன்.

அப்பாவுக்குப் படிப்பு மூன்றாம் வகுப்போடு நின்றது. பாட்டு, வசனம், விருத்தம் எல்லாம் வாத்தியார் சொல்லச் சொல்லக் காதால் வாங்கியவை. வீட்டில் ஏடு கிடையாது, நோட்டு கிடையாது. அவரிடம் இருப்பது அவரோடு குறைந்துகொண்டே வருகிறது. அதனால் இரண்டு காரியம் செய்வதென்று முடிவு செய்திருக்கிறேன்.

ஒன்று, அவர் சட்டைப் பைக்கு அட்டை ஒன்று எழுதி, பிளாஸ்டிக் உறை போட்டாயிற்று. பெயர், ஊர், போன் நம்பர் எல்லாம் இருக்கிறது. அதற்குக் கீழே, 'தெருக்கூத்துக் கலைஞர், பாஞ்சாலி வேஷம், தாயே என்று கூப்பிட்டால் வருவார்' என்றும் எழுதியிருக்கிறேன். மறதி நோய் உள்ள பெரியவர்கள் வீட்டில் இருந்தால் நீங்களும் இப்படி ஒன்று எழுதி வையுங்கள். அவர் நெசவாளியா, கிணறு வெட்டினவரா, லாரி ஓட்டினவரா, அதையும் சேர்த்து எழுதுங்கள். வழி தெரியாமல் நிற்கும் முதியவர்களைப் பார்த்தால் 14567 என்ற முதியோர் உதவி எண்ணுக்குக் கூப்பிடலாம், காசு கிடையாது. அதைக் கேட்டுச் சொன்ன கல்லூரித் தம்பிக்கும் நன்றி.

இரண்டாவது, அவர் பாடுவதையெல்லாம் தினமும் சாயங்காலம் போனில் பதிவு செய்து எழுதப் போகிறேன். நேற்றே ஆரம்பித்துவிட்டேன். நடுவில் விட்டுவிடுகிறார், முதலடி எடுத்துக் கொடுத்தால் மேலே போகிறார். எடுத்துக் கொடுக்க எனக்கு அடி தெரிய வேண்டுமே, அங்கேதான் தடுமாறுகிறேன்.

மாஸ்டர் அண்ணா, உங்கள் துண்டு எங்கள் வீட்டில் இருக்கிறது. குங்குமக் கறையோடு அப்படியே மடித்து வைத்திருக்கிறேன், துவைக்க மனசு வரவில்லை. புதிசாக ஒன்று வாங்கிக்கொண்டு உங்கள் ஊர்ப் பாரதத்துக்கு அப்பாவை அழைத்து வருவேன். படுகளத்தன்று கண்டிப்பாக இருப்போம். அம்மாவும் வருகிறேன் என்கிறாள். அவளுடைய கல்யாணப் புடவையைக் கட்டிக்கொண்டுதான் அப்பா முதல் தடவை பாஞ்சாலி ஆடினார். அந்தக் கதையை அவள் உங்களிடம் நேரில் சொல்ல வேண்டுமாம்.

அப்பாவோடு ஆடிய செட்டுக்காரர்கள், அவர் கூத்தை விடிய விடியப் பார்த்தவர்கள் இதைப் படித்தால் ஓர் உதவி செய்யுங்கள். அந்தக் காலத்தில் டேப் ரெக்கார்டர் வைத்துக் கூத்தைப் பிடித்த கேசட் யாரிடமாவது பரணில் கிடக்கலாம். நாடா அறுந்திருந்தாலும் பரவாயில்லை. எந்த ஊர் என்று மட்டும் சொல்லுங்கள், நானே வந்து வாங்கிக்கொண்டு போய் நகல் எடுத்துவிட்டுப் பத்திரமாகத் திருப்பித் தருகிறேன். கேசட் இல்லை, நாலு அடி மட்டும் நினைவிருக்கிறது என்றாலும் கூப்பிட்டுப் பாடிக் காட்டுங்கள். எந்நேரமானாலும் எடுப்பேன்.