மழைக்கோட்டுச் சீட்டின் எண்கள் எதை அளக்கின்றன?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். வடகிழக்குப் பருவமழையை ஒட்டிச் சென்னைக் கடைகளில் விற்கப்படும் விலையுயர்ந்த மழைக்கோட்டுகளின் சீட்டில் ‘5,000 மி.மீ.’, ‘10,000 கிராம்’ போன்ற எண்களைக் காண்கிறோம். அவை எந்தச் சோதனையில் கிடைத்தவை என்பதைப் பெரும்பாலும் காண முடிவதில்லை.

முதல் எண் நீர்த்தடுப்பைக் குறிப்பது. சர்வதேசத் தர அமைப்பின் ஐ.எஸ்.ஓ. 811 முறையில், துணியின் மீது நீரழுத்தத்தைச் சீராகக் கூட்டிக்கொண்டே போய், மூன்று இடங்களில் நீர் கசியும்போது உள்ள அழுத்தத்தை, அதற்கு ஈடான நீர்த்தம்பத்தின் உயரமாக மி.மீ. கணக்கில் குறித்துக்கொள்கிறார்கள். ஆனால் அந்த எண் துணிக்கானது, தையலுக்கானதன்று. சென்ற ஆண்டு நான் வாங்கிய கோட்டில் துணி சிறிதும் கசியவில்லை. ஆயினும் வேளச்சேரியிலிருந்து கிண்டிக்கு ஸ்கூட்டரில் வந்து சேர்வதற்குள், இருக்கையில் உடல் அழுந்தும் இடத்துத் தையல் வழியாகக் கால்சட்டை நனைந்துவிட்டது. உட்புறத்தைத் திருப்பிப் பார்த்தால், தையலை மூடி ஒட்டியிருந்த நாடா நாலைந்து துவைப்பிலேயே ஓரம் பிரிந்து சுருண்டிருந்தது.

இரண்டாவது எண், ஒரு சதுர மீட்டர் துணி 24 மணி நேரத்தில் எத்தனை கிராம் நீராவியை வெளியே விடும் என்பது. இதில்தான் குழப்பம் அதிகம். நீருள்ள கோப்பையின் வாயைத் துணியால் மூடி, நிமிர்த்தி வைத்து அளந்தால் ஓர் எண்ணும், பொட்டாசியம் அசிடேட் கரைசலால் ஈரத்தை உறிஞ்சவைக்கும் ஜப்பானிய முறையில் அளந்தால் அதே துணிக்கு அதைவிட மிக உயர்ந்த எண்ணும் கிடைக்கக்கூடும். முறையின் பெயர் இல்லாமல் இரண்டு கோட்டுகளை ஒப்பிடுவது வீண். மேலும், உள்ளே இருக்கும் ஆவியழுத்தம் வெளியே இருப்பதைவிட எவ்வளவு மிகுதியோ அவ்வளவுக்குத்தான் வியர்வை ஆவியாக வெளியேறும். தோலைப் போல வியர்க்கும் சூடான தட்டின் மீது துணியை வைத்து அளக்கும் இன்னொரு சோதனையான ஐ.எஸ்.ஓ. 11092, 35 டிகிரி வெப்பமும் 40 விழுக்காடு ஈரப்பதமும் உள்ள காற்றில் நடத்தப்படுகிறது. மழை கொட்டும் சென்னைக் காற்றிலோ ஈரப்பதம் 90 விழுக்காட்டைத் தாண்டுவது வழக்கம். உணவு விநியோகம் செய்யும் இளைஞர்கள் கோட்டுக்குள் வியர்வையில் நனைவதற்கு இதுவும் ஒரு காரணம்.

பணிக்கால மழையுடைகளுக்கான ஐரோப்பியத் தரமான இ.என். 343, தையலையும் சோதிக்கச் சொல்கிறது. நம் நாட்டிலும் சோதனை முறையின் பெயர், தையலின் நீர்த்தடுப்பு அளவு, குறிப்பிட்ட எண்ணிக்கைத் துவைப்புகளுக்குப் பிந்தைய அளவு ஆகிய மூன்றையும் சீட்டில் அச்சிடுவதை இந்தியத் தர நிர்ணய அமைவனம் கட்டாயமாக்க வேண்டும். கோயம்புத்தூரில் உள்ள ‘சிட்ரா’ போன்ற ஜவுளி ஆராய்ச்சி நிறுவனங்கள், நம் கடலோர மழைக்கால வெப்பத்திலும் ஈரப்பதத்திலும் இந்தக் கோட்டுகளை அளந்து, முடிவுகளைத் தமிழில் வெளியிட வேண்டும் என்றும் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
வேளச்சேரி, சென்னை