வான்சண்டைக்கு எதிரியும் சாட்சி

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். பாகிஸ்தானுடன் நடந்த 1965, 1971 ஆகிய இரு போர்களில் நமது போர் விமானிகள் நடத்திய வான்சண்டைகளைப் பற்றித் தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையைப் படித்தேன். இளைய தலைமுறைக்கு இந்தப் பெயர்களை நினைவூட்டியதற்கு நன்றி. ஆனால், விமானப்படையின் ஆயுதப் பிரிவில் தொழில்நுட்பப் பணியாளராக 1970-களில் நேட் (Gnat) என்ற சிறிய போர் விமானங்களோடு காலம் கழித்தவன் என்ற முறையில், அந்தக் கட்டுரையில் ஒரு குறை எனக்கு உறுத்தலாகவே இருந்தது. எதிர்த்தரப்பு விமானிகள் என்ன சொன்னார்கள் என்பதற்கு அதில் ஒரு வரிகூட இடமில்லை. தரைப்போரைப் பற்றி எழுதும்போது அப்படி விட்டுவிட்டாலும் ஓரளவு சமாளிக்கலாம். வான்சண்டையைப் பற்றி எழுதும்போது அப்படி விட்டால் நம் விமானிகளின் வீரமே பாதி மறைந்துபோகிறது என்பதைத் தெரிவிக்கவே இக்கடிதத்தை எழுதுகிறேன்.

விமானம் தரையிறங்கி வந்து நின்றதும் எங்கள் கண் முதலில் போவது, எஞ்சினுக்குக் காற்று போகும் வாயின் இரு ஓரங்களுக்குத்தான். நேட் விமானத்தின் இரண்டு 30 மில்லிமீட்டர் ஏடன் பீரங்கிகளும் அங்கேதான் பதிந்திருக்கும். அங்கே கரி படிந்திருந்தால் விமானி சுட்டிருக்கிறார் என்று அவர் இறங்குவதற்கு முன்பே தெரிந்துவிடும். ஒரு பீரங்கிக்கு 115 குண்டுகள். பட்டையாகக் கோத்த அந்தக் குண்டுகளை முறுக்கு விழாமல் பெட்டிக்குள் மடித்து அடுக்கும்போது, ஒவ்வொரு கண்ணியையும் விரலால் தடவிப் பார்த்துத்தான் உள்ளே விடுவோம். ஒரு கண்ணி வளைந்திருந்தாலும் போதும், மேலே விமானி விசையை அழுத்தும் நேரத்தில் பீரங்கி சிக்கி நின்றுவிடும். அவ்வளவு கவனமாக அடுக்கியது, விசையை விடாமல் அழுத்தினால் ஏறத்தாழ ஆறு நொடியில் தீர்ந்துபோகும்.

சண்டை முழுவதும் அப்படிச் சில நொடிகளின் அளவில்தான் நடக்கிறது. எதிரி விமானத்தின் வாலைப் பிடிக்க இறுக்கித் திரும்பும்போது உடல் எடை ஐந்து ஆறு மடங்காகி, தலையிலிருந்து இரத்தம் கீழிறங்கி, பார்வையின் ஓரங்கள் சாம்பல் நிறமாகச் சுருங்கும். அந்த நிலையில் சுட்டுவிட்டு உடனே விலகித் திரும்பும் விமானி, தான் சுட்ட விமானம் விழுந்ததா, புகையோடு தப்பியதா என்று நின்று பார்க்க முடியாது. அவர் பின்னால் இன்னொருவன் இருக்கக்கூடும். சுடும்போது படம் பிடிக்கும் கன் கேமரா விமானத்துக்கு நேர் முன்னால் இருப்பதை மட்டும், அதுவும் சில நொடிகள் மட்டுமே பதிவு செய்யும். ஆகவே, நடந்தது என்ன என்பதை முழுமையாக அறிந்தவர் பல நேரங்களில் எதிரே இருந்த விமானி ஒருவரே. சுட்ட விமானியே திரும்பாமல் போய்விட்டால் வேறு சாட்சிக்கு எங்கே போவது?

ஸ்குவாட்ரன் லீடர் தேவய்யாவின் கதை இதற்குச் சான்று. குடகு நாட்டைச் சேர்ந்தவர். 1965 செப்டம்பர் 7 அன்று ஆதம்பூரிலிருந்து பாகிஸ்தானின் சர்கோதா விமானதளத்தைத் தாக்கப் புறப்பட்ட மிஸ்டேர் ரகப் போர் விமானங்களுக்கு அவர் மாற்று விமானியாகத்தான் நியமிக்கப்பட்டிருந்தார். மற்றவர்களில் ஒருவர் விலக நேர்ந்தால் மட்டுமே அவர் சேர வேண்டும். ஒருவர் விலகினார், தேவய்யா சேர்ந்தார், திரும்பி வரவில்லை. அவர் எப்படி வீழ்ந்தார் என்பது நம் தரப்பில் எவருக்கும் தெரியாது. காணாமல் போனவர் என்பதோடு அவரது கோப்பு நின்றுவிட்டது. அவர் கடைசியாகச் செய்த காரியம் 1979-இல்தான், அதுவும் பாகிஸ்தான் விமானப்படையின் போரைப் பற்றி ஒரு பிரிட்டிஷ் எழுத்தாளர் வெளியிட்ட நூலின் வழியாகத்தான் வெளியே தெரிந்தது. ஒலியைப் போல இருமடங்கு வேகத்தில் பறக்கக்கூடிய ஸ்டார்ஃபைட்டர் விமானத்தில் வந்த அம்ஜத் ஹுசைன் என்ற பாகிஸ்தான் விமானி, தேவய்யாவின் மிஸ்டேரைச் சுட்டுத் தீர்த்துவிட்டதாக எண்ணி வேறொரு விமானத்தைத் துரத்தப் போயிருக்கிறார். அடிபட்ட அந்த மிஸ்டேரோடு தேவய்யா மறுபடியும் சண்டைக்குத் திரும்பி, வேகத்தில் தன்னோடு ஒப்பிடவே முடியாத ஸ்டார்ஃபைட்டரைச் சுட்டு வீழ்த்தினார். அம்ஜத் ஹுசைன் பாராசூட்டில் குதித்து உயிர் பிழைத்தார். தேவய்யா பிழைக்கவில்லை. இந்த விவரம் வெளிவந்த பிறகு, அவருடைய ஸ்குவாட்ரன் தலைவராக இருந்த தனேஜா விடாமல் முயன்றதன் பயனாக, 1988-இல் தேவய்யாவுக்குப் போர்க்கள வீரத்துக்கான மகாவீர் சக்ரா விருது வழங்கப்பட்டது. இடையில் கழிந்தவை இருபத்து மூன்று ஆண்டுகள். எதிர்த்தரப்பின் வார்த்தையை நம்பத்தகாதது என்று அன்று ஒதுக்கியிருந்தால் தேவய்யா இன்றும் காணாமல் போனவராகவே இருந்திருப்பார். தங்கள் கட்டுரையில் அவர் பெயர் இல்லாதது எனக்கு மிகவும் வருத்தமாக இருந்தது.

கட்டுரையில் விரிவாக இடம்பெற்ற, அன்றைய கிழக்குப் பாகிஸ்தான் எல்லையில் நடந்த போய்ரா சண்டைக்கு வருகிறேன். 1971 நவம்பர் 22 அன்று பிற்பகல், ரேடார் அதிகாரி பாக்சியின் வழிகாட்டுதலில் கொல்கத்தாவின் டம்டம்மிலிருந்து மாஸி, கணபதி, லாசரஸ், சோரஸ் ஆகிய நால்வரும் நேட் விமானங்களில் பாய்ந்து சென்று பாகிஸ்தானின் சேபர் போர் விமானங்களை மடக்கியது உண்மை. வந்த சேபர்கள் நான்கு என்பது நம் பதிவு. மூன்று என்று பாகிஸ்தான் தரப்பு சொல்கிறது. இரண்டு விமானங்கள் அங்கேயே வீழ்ந்தன என்பதில் கருத்து வேறுபாடு இல்லை. மாஸி சுட்ட சேபர் இறக்கையில் அடிபட்டுப் புகையோடு எல்லை கடந்து சென்றது. அந்த நேரத்தில் அவருடைய பீரங்கிகளில் ஒன்று வேலை செய்யாமல் நின்றுவிட்டது என்று படிக்கும்போது, கண்ணி தடவிய என் விரல்கள் இன்றும் கூசுகின்றன. அந்த விமானம் டாக்கா போய்த் தரையிறங்கியதாகப் பாகிஸ்தான் தரப்பு தெரிவித்தது. இந்த வேறுபாட்டைத் தங்கள் கட்டுரை குறிப்பிட்டிருக்க வேண்டும்.

இன்னொன்றையும் விட்டிருக்கக் கூடாது. அன்று பாராசூட்டில் இறங்கிச் சிறைப்பட்ட இருவரில் ஒருவர் பர்வேஸ் மெஹ்தி குரேஷி. தரையில் ஆத்திரத்தோடு சூழ்ந்த நம் வீரர்களிடமிருந்து அவரைக் காப்பாற்றியவர் அன்று கேப்டனாகவும் பின்னாளில் லெப்டினன்ட் ஜெனரலாகவும் இருந்த பனாக். அதை அவரே எழுதியிருக்கிறார். அந்தக் குரேஷிதான் 1997-இல் பாகிஸ்தான் விமானப்படைத் தளபதியானார். அப்போது அவருக்கு வாழ்த்துக் கடிதம் எழுதியவர்களில் லாசரஸும் ஒருவர். குரேஷி நன்றி தெரிவித்துப் பதில் எழுதி, அன்று இந்திய விமானிகள் காட்டிய போர்த்திறனையும் பாராட்டினார். போய்ராவில் நம்மவர்கள் நன்றாகச் சண்டையிட்டார்கள் என்பதற்கு இதைவிட மேலான சான்றிதழ் எது?

ஸ்ரீநகரில் 1971 டிசம்பர் 14 அன்று, குண்டு விழுந்துகொண்டிருந்த ஓடுபாதையிலிருந்து மேலெழும்பி ஆறு சேபர்களைத் தனியொருவராக எதிர்கொண்டு உயிர்நீத்த நிர்மல்ஜித் சிங் சேகோனின் விடாத தாக்குதலைப் பாராட்டி எழுதியவர், அவரை வீழ்த்திய பாகிஸ்தான் விமானி சலீம் பேக் மிர்சாவேதான். சேகோன் இரண்டு சேபர்களைத் தாக்கியதாக நம் விருதுக் குறிப்பு கூறுகிறது. தங்கள் விமானம் எதுவும் வீழவில்லை என்கிறது அந்தத் தரப்பு. 1965 செப்டம்பர் 3-இல் நம் விமானி ட்ரெவர் கீலர் வீழ்த்தியதாகப் பதிவான சேபரும் சேதத்தோடு சர்கோதாவில் இறங்கிவிட்டதாகவே அங்குள்ளவர்கள் எழுதுகிறார்கள்.

இப்படி எழுதினால் நம்மவர்களின் பெருமை குறையும் என்று சிலர் நினைக்கலாம். என்னால் அதை ஏற்க இயலவில்லை. வீழ்ந்த விமானங்களின் எண்ணிக்கையில் ஒன்று குறைவதால் சேகோன் அந்த ஓடுபாதையில் எடுத்த முடிவு சிறிதாகிவிடாது. மிகைப்படுத்திய எண்ணிக்கையை நாம் அச்சிட்டுக்கொண்டே போனால், நாளை ஒரு மாணவர் பிற நாட்டுப் பதிவைப் படித்து அதைத் தவறென்று அறியும்போது, உண்மையான மற்றவற்றையும் சேர்த்துச் சந்தேகிப்பார்.

ஆகவே, வரும் டிசம்பரில் இதுபோன்ற கட்டுரையை வெளியிடும்போது, இருதரப்புப் பதிவுகளையும் அருகருகே வைத்து, மாறுபடும் இடங்களை மாறுபடுவதாகவே எழுதுமாறு கேட்டுக்கொள்கிறேன். தேவய்யாவுக்குத் தனியாக ஒரு பக்கம் ஒதுக்க வேண்டும் என்பதும் என் வேண்டுகோள். எங்கள் பகுதியில் நேட் விமானங்களுக்குக் குண்டு அடுக்கியவர்களும் எஞ்சின் பார்த்தவர்களும் இன்னும் சிலர் இருக்கிறார்கள். பெரும்பாலோர் எண்பதை நெருங்கிவிட்டார்கள் அல்லது தாண்டிவிட்டார்கள். தங்கள் நிருபர் வந்தால் அவர்கள் வீடுகளுக்கு நானே அழைத்துச் செல்கிறேன். காலை வேளையில் வருவது நல்லது, பலருக்கு மாலையில் பேச முடிவதில்லை.

இப்படிக்கு,
விமானப்படையில் பணியாற்றி ஓய்வுபெற்ற வாசகர்,
கிழக்குத் தாம்பரம்.