மாசித் தேர் சொன்ன தேதி

எல்லாருக்கும் வணக்கமுங்க.

நனைந்துபோன 43 கேசட்டில் 41 பிழைத்துவிட்டன. கோவை மாடி அறைகளில் வாசித்த மெட்டல் (கனமான, இரைச்சலான ராக் இசை) குழுக்களின் பதிவுகள் அவை. நேற்று ராத்திரிதான் தெரிந்தது. இன்னும் தூக்கம் வரவில்லை, அதான் எழுத உட்கார்ந்துவிட்டேன்.

கேசட்டுகளும் போஸ்டர்களும் இதழ்களும் நனைந்துபோன கதை உங்களுக்கெல்லாம் தெரியும், மறுபடி சொல்லவில்லை. பிரிண்டிங் பட்டறை ரேக்குகளைக் காலி செய்து போஸ்டர்களைக் காயவைத்த திருப்பூர் நண்பர்கள், பனியன் பெட்டிகளில் போடும் சிலிக்கா ஜெல் பொட்டலங்களை மூட்டையாகக் கொண்டுவந்த தங்கச்சி, மஞ்சள் குடோனில் இடம் கொடுத்த ஈரோட்டு மாமா, நனைந்துபோன ராக் ஸ்ட்ரீட் ஜர்னல் இதழ்களுக்குப் பதிலாகத் தன் சொந்தப் பிரதிகளை அனுப்பிவைத்த பெங்களூர்க்காரர், எல்லாருக்கும் நன்றி. 1993-இல் அலகாபாத்தில் தொடங்கிய ராக் இசைப் பத்திரிகை அது. காய்ந்து மீண்ட இதழ்களில் இப்போது மஞ்சள் வாசம் அடிக்கிறது. அடிக்கட்டும்.

அப்புறம், சிங்காநல்லூர் பக்கம் மைக் செட் கடை வைத்திருக்கும் ஐயா.

பூஞ்சை பிடித்த கேசட்டைப் பிரித்து, நாடாவைத் துடைத்து, வேறு கூட்டுக்கு மாற்றி, பிளேயர் ஹெட்டின் சின்னத் திருகைக் காதாலேயே சரிபார்த்து ஓடவிட்டார். 60 நிமிடக் கேசட்டுக்கு 60 நிமிடம் உட்கார்ந்தே ஆகவேண்டும். அவர் இந்த இசையைக் கேட்டதே இல்லை. ஆனாலும் ஒவ்வொரு கேசட்டுக்கும் பள்ளிக்கூட நோட்டில் குறிப்பு எழுதியிருக்கிறார். நான் கேட்கவே இல்லை. "மூணாவது பாட்டு. நடுவுல கரண்ட் போகுது. டிரம் மட்டும் நிக்கல."

லேபிள் அழிந்த ஒரு கேசட் எந்த வருஷத்தது என்று நாங்கள் வெகுநாளாகச் சண்டை போட்டுக்கொண்டிருந்தோம். ஒப்பணக்கார வீதிக்குப் பின்னால் ஒரு மாடி அறையில் பதிவானது. அதற்கு அவர் எழுதியிருந்தது: "பாட்டுக்கு நடுவுல தூரத்துல கொழாய் ஸ்பீக்கர் சத்தம். கோனியம்மன் தேரு." நம்ப முடியாமல் போன் செய்தேன். "ஏங்கண்ணு, எத்தன வருஷம் அந்தத் தேருக்கு மைக்கு கட்டியிருக்கறேன், எனக்குத் தெரியாதா?" என்றார். கோவை கோனியம்மன் கோயில் தேர் என்றால் மாசி. பேஸ் கிடார் வாசித்தவர் 2003 சித்திரையில் துபாய் போய்விட்டார், கிடார் வாங்கியது அதற்கு முந்தின தீபாவளிக்கு. ஆக 2003 மாசி. சண்டை தீர்ந்தது.

இந்திய மெட்டல் வரலாறு என்றால் 2007-இல் பெங்களூர் அரண்மனை மைதானத்தில் பிரிட்டிஷ் குழு அயர்ன் மெய்டன் வாசித்ததையும், 2011-இல் அமெரிக்கக் குழு மெட்டாலிகா வந்ததையும்தான் பலர் சொல்கிறார்கள். பெங்களூரில் 1988-இல் தொடங்கிய மில்லேனியம் போன்ற குழுக்களுக்காவது பெயர் நிலைத்தது. கோவை மாடி அறைகளில் வாசித்த பிள்ளைகளுக்கு இந்த நாடாவை விட்டால் வேறு சாட்சி கிடையாது. அதில் தேர்ச் சத்தமும் சேர்ந்து கிடக்கிறது என்று நினைக்க நினைக்க நெஞ்சு அடைக்கிறது. இரைச்சல் என்று அதை வெட்டியெறிய நானே சொல்லியிருப்பேன். இனி எந்தப் பதிவிலும் ஒரு விநாடியைக் கூட வெட்ட மாட்டேன், பாட்டுக்கு முன்னால் வரும் இருமல் உட்பட. அந்த நோட்டையும் பக்கம் பக்கமாக ஸ்கேன் செய்து ஒலியோடு சேர்த்தே வைப்பேன்.

காசு கொடுத்தேன், வாங்கவில்லை. மீதி இரண்டு கேசட்டும் அவர் மேசையில்தான் இருக்கின்றன, நாடா கசங்கிப்போய். "வெச்சுட்டுப் போ சாமி, பாக்கலாம்" என்றிருக்கிறார்.